அப்பொலினேருக்குக் காற்புள்ளி வைக்காதீர்கள்: பிரெஞ்சுக் கவிதையைத் தமிழில் வெளியிடுவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய பதிப்பாளர்களுக்கும் சிற்றிதழ் ஆசிரியர்களுக்கும் மொழிபெயர்ப்பாளர்களுக்கும்,

வணக்கம்.

பிரெஞ்சுக் கவிஞர் கியோம் அப்பொலினேரைத் தமிழுக்குக் கொண்டுவர நினைக்கும் எல்லோரிடமும் நாங்கள் கேட்பது ஒன்றுதான். அவருடைய கவிதையின் வடிவத்தைத் திருத்தாதீர்கள். அவர் எடுத்துப் போட்ட காற்புள்ளியை மெய்ப்புத் திருத்துபவர் மறுபடி வைத்துவிடக் கூடாது. அவர் மழையாகச் சாய்த்து எழுதிய வரிகளைப் பக்க வடிவமைப்பாளர் இடது ஓரத்தில் நேராக அடுக்கிவிடக் கூடாது. இந்த இரண்டும் நடந்துவிட்டால் வாசகர் கைக்கு வந்து சேர்வது கவிதையின் பொழிப்புரை மட்டுமே.

முதலில் நிறுத்தற்குறி. 1912ஆம் ஆண்டின் இறுதியில் 'அல்கொல்' என்ற கவிதைத் தொகுப்பின் அச்சுப்படி அவர் மேசைக்கு வந்தது. 1898 முதல் எழுதிய கவிதைகள் அதில் இருந்தன. பெரும்பாலானவை வழக்கமான நிறுத்தற்குறிகளோடு எழுதப்பட்டவை. மெய்ப்புப் பார்க்கும் கட்டத்தில் அவர் அத்தனையையும் நீக்கினார். புத்தகம் 1913 ஏப்ரலில் மெர்க்யூர் த பிரான்ஸ் வெளியீடாக வந்தபோது அதில் ஒரு காற்புள்ளி கூட இல்லை. வரியின் சந்தமும் அது முறியும் இடமுமே உண்மையான நிறுத்தற்குறி, வேறொன்று தேவையில்லை என்று அந்த ஆண்டே ஒரு கடிதத்தில் விளக்கமும் எழுதினார். ஆகவே தமிழில் ஒரு கேள்விக்குறியையோ முப்புள்ளியையோ சேர்ப்பவர் கவிஞர் தெரிந்தே எடுத்த முடிவை மாற்றுகிறார். தமிழுக்கு இது கடினமே அல்ல. ஓலைச்சுவடிகளில் நம் பாட்டுகள் நிறுத்தற்குறி இல்லாமல்தான் பல நூற்றாண்டுகள் வாழ்ந்தன. வேற்றுமை உருபும் வினைமுற்றும் வாக்கியம் எங்கே முடிகிறது என்பதைக் காட்டிவிடும்.

ஒரு விதிவிலக்கு உண்டு. 1911இல் ரவுல் த்யுஃபியின் மரச்செதுக்குப் படங்களோடு 120 படிகள் அச்சிடப்பட்ட விலங்குக் கவிதைத் தொகுப்பில் ('பெஸ்தியேர்') நிறுத்தற்குறிகள் உண்டு. அந்த முப்பது குறுங்கவிதைகளைப் பெயர்க்கும்போது குறிகளை அப்படியே விடுங்கள். எல்லாவற்றையும் ஒரே மாதிரியாக்க வேண்டும் என்ற எண்ணம் இங்கே உதவாது.

குறிகளை நீக்கியதால் என்ன கிடைத்தது என்பதற்கு 'மிராபோ பாலம்' கவிதையைப் பாருங்கள். பாரிஸின் பதினைந்தாம், பதினாறாம் வட்டாரங்களை ஸேன் ஆற்றின் மேல் இணைக்கும் அந்தப் பாலம், அப்பொலினேர் குடியிருந்த ஒத்தேய் பகுதிக்குப் பக்கத்தில் இருக்கிறது. ஓவியர் மரி லொரான்சானுடனான காதல் முறிகிற காலத்துக் கவிதை. 1912 பிப்ரவரியில் 'லெ சுவாரே த பாரி' இதழில் முதலில் வந்தபோது ஒவ்வொரு பத்தியும் பத்து அசைகள் கொண்ட மூன்று அடிகளாக இருந்தது. புத்தகத்தில் நடுவடியை நான்கு அசை, ஆறு அசை என்று இரண்டாக ஒடித்தார். அந்த ஒடிவினால் 'நம் காதல்கள்' என்ற சொற்கள் தனி வரியில் வந்து நின்றன. இப்போது அவை எந்தப் பக்கம் சேரும்? மேலே போய் 'ஸேன் ஓடுகிறது, நம் காதல்களும் ஓடுகின்றன' என்றும் ஆகலாம். கீழே இறங்கி 'நம் காதல்களை நான் நினைத்துப் பார்க்கத்தான் வேண்டுமா' என்றும் ஆகலாம். குறி இல்லாததால் இரண்டு பொருளும் ஒரே நேரத்தில் ஓடுகின்றன.

தமிழில் தவறு நேர்வது இங்கேதான். 'நம் காதல்களும்' என்று உம்மை சேர்த்தால் முதல் பொருள் மட்டும் நிற்கும். 'நம் காதல்களை' என்று ஐ உருபு சேர்த்தால் இரண்டாவது மட்டும் நிற்கும். உருபே இல்லாமல் 'நம் காதல்கள்' என்று தனி வரியில் விடுவதே சரி. மொழிபெயர்ப்பாளர் அப்படி விட்டிருந்தால், 'வாக்கியம் முழுமையாக இல்லை' என்று சொல்லி அதைச் செப்பனிட வேண்டாம் என்று பதிப்பாசிரியர்களைக் கேட்டுக்கொள்கிறோம்.

அதே கவிதையின் பல்லவி நான்கு முறை வருகிறது. பிரெஞ்சில் ஒவ்வோர் அடியும் ஏழு அசை. வினைச்சொல் முதலில் வந்து, வியங்கோளாக ஒலிக்கும். நமக்கும் வியங்கோள் இருப்பதால் நான்கு சீரில் அடக்கலாம்:

வருக இரவு ஒலிக்க மணி
போகும் நாட்கள் நிற்பேன் நான்

இதைவிடச் சிறப்பாகச் செய்பவர்கள் இருப்பார்கள். நான்கு இடத்திலும் ஓர் எழுத்துகூட மாறாமல் வர வேண்டும் என்பதை மட்டும் விட்டுவிடாதீர்கள். 'ஒரே வரி திரும்பத் திரும்ப வருகிறது' என்று மூன்றாம் முறை சொல்லை மாற்றினால் ஆறு ஓடும்போது பாலம் அசையாமல் நிற்கும் உணர்வு கலைந்துவிடும். கவிஞர் தாமே இதைப் படித்த ஒலிப்பதிவு இருக்கிறது. 1913 டிசம்பர் 24 அன்று ஃபெர்தினான் ப்ருனோ நிறுவிய சொர்போன் பல்கலைக்கழக ஒலிக்காப்பகத்தில் 'மிராபோ பாலம்', 'மரி', 'பயணி' ஆகிய மூன்று கவிதைகளை அவர் வாசித்தார். பிரெஞ்சு தேசிய நூலகத்தின் கையிருப்பில் அது உள்ளது. மொழிபெயர்க்கும் முன் கேளுங்கள். பேச்சு நடையில் அல்ல, கிட்டத்தட்ட ஓதுவதுபோல இழுத்து வாசிக்கிறார். தமிழ் வரியின் நீளத்தை முடிவு செய்ய எந்த விமர்சனக் கட்டுரையையும்விட அந்தக் குரல் உதவும்.

தலைப்புகளிலும் கவனம் வேண்டும். 'அல்கொல்' பன்மைச் சொல். முதலில் அவர் வைக்க நினைத்த பெயர் 'ஓ த வீ', அதாவது காய்ச்சி வடித்த சாராயம். சொல்லுக்குச் சொல் பார்த்தால் 'உயிர்நீர்'. தொகுப்பின் முதல் கவிதையில் உன் வாழ்வைப்போல எரியும் சாராயத்தை நீ குடிக்கிறாய் என்று வருகிறது. 'மது' என்றால் அந்த எரிச்சல் போய்விடுகிறது. 'சாராயங்கள்' என்ற சொல்லுக்கு அஞ்ச வேண்டியதில்லை.

அந்த முதல் கவிதையின் பெயர் 'ஸோன்'. அகராதி பார்த்து 'மண்டலம்' என்று போட்டால் மின்வாரிய அலுவலகத்தின் வாடை வரும். பாரிஸைச் சுற்றி 1840களில் கட்டிய கோட்டைச் சுவருக்கு வெளியே, கட்டடம் எழுப்பக் கூடாது என்று ராணுவம் விட்டுவைத்த சுமார் 250 மீட்டர் அகலமுள்ள நிலப்பட்டைக்கு அந்தப் பெயர். தடையை மீறி அங்கே கந்தல் பொறுக்குவோரும் ஏழைகளும் குடிசை போட்டு வாழ்ந்தார்கள். நம் ஊரில் அதற்கு மிக அருகில் நிற்கும் சொல் 'புறம்போக்கு'. வசைச்சொல்லாகவும் புழங்குவதால் வேண்டாம் என்பவர்களும் எங்களுக்குள் உண்டு. அப்படியானால் 'ஸோன்' என்றே விட்டு அடிக்குறிப்பில் நிலப்பட்டையை விளக்குங்கள். 'மண்டலம்' மட்டும் வேண்டாம்.

'ஸோன்' முழுக்கக் கவிஞர் தன்னையே 'நீ' என்றும் 'நான்' என்றும் மாறி மாறி அழைக்கிறார். தெளிவுக்காக எல்லாவற்றையும் 'நான்' ஆக்கும் ஆசை வரும். ஆக்காதீர்கள். இரவெல்லாம் நடந்து களைத்த மனிதன் தன்னோடு தானே பேசும் குரல் அந்த மாற்றத்தில்தான் இருக்கிறது. கடைசி வரியான 'சொலேய் கூ கூப்பே'யில் வினைமுற்று இல்லை. சூரியன், கழுத்து, வெட்டுண்டது என்ற மூன்றும் ஒட்டி நிற்கின்றன. 'கூ' என்ற ஒலி இரண்டு முறை வெட்டுகிறது. 'சூரியன் கழுத்து அறுபட்டு வீழ்ந்தது' என்று நீட்டினால் அது செய்தி ஆகிவிடும். 'சூரியன் அறுந்த கழுத்து' என்பதோடு நின்றுவிடலாம். மார்த்தினிக் தீவின் கவிஞர் எமே செசேர் இந்த மூன்று சொற்களையே 1948இல் தன் தொகுப்புக்குத் தலைப்பாக்கினார் என்றால் அவற்றின் கனம் புரியும்.

ஒற்றை வரிக் கவிதையான 'ஷாந்த்ர்' பற்றியும் ஓர் எச்சரிக்கை. அதில் வரும் 'த்ரோம்பெத் மரீன்' கடலில் ஊதும் எக்காளம் அல்ல. ஆள் உயரத்துக்கு மேல் நிற்கும், ஒரே தந்தி கொண்ட, வில்லால் இழைக்கும் பழைய ஐரோப்பிய இசைக்கருவி அது. கவிதைக்கு ஒரே வரி, கருவிக்கு ஒரே தந்தி. கவிதையில் அந்தத் தந்தியைக் குறிக்கும் 'கொர்தோ' என்ற சொல்லுக்குக் கயிறு என்று பொருள். அதையே பிரித்துக் கேட்டால் 'நீர்க்கொம்பு' என்று ஒலிக்கும். இந்தச் சிலேடை தமிழில் வராது, குறிப்பில்தான் சொல்ல முடியும். ஆனால் கவிதை 'மேலும்' என்ற இணைப்புச் சொல்லோடு தொடங்குவதைக் காப்பாற்றலாம். 'ஒரே தந்தியும்' என்று உம்மையில் முடித்தால் முன்னால் சொல்லப்படாத ஏதோ ஒன்றோடு அது சேர்ந்து ஒலிக்கும்.

இனி 'கலிகிராம்'கள். அச்சகத்தில் அதிகம் பாழாவது இவைதான். எழுத்துகளால் உருவம் வரையும் இந்தக் கவிதைகளை 1914இல் 'நானும் ஓவியன்தான்' என்ற பெயரில் தனிப் புத்தகமாக்க அவர் ஆயத்தம் செய்தார். போர் வந்து தடுத்தது. பிறகு 1918 ஏப்ரலில் போர்க்களக் கவிதைகளோடு சேர்ந்து வெளிவந்தன. இவற்றை நம் சித்திரக்கவியோடு ஒப்பிடுவது இயல்பு. ஆனால் நாகபந்தத்திலும் தேர்பந்தத்திலும் கட்டம் முன்பே உண்டு. குறுக்கே வெட்டும் இடத்தில் ஒரே எழுத்து இரண்டு அடிக்கும் பொதுவாக விழ வேண்டும். அப்பொலினேரில் அந்தக் கணக்கு இல்லை. வாக்கியமே கோடாகி ஓடுகிறது. ஆகவே முன்னுரையில் 'பிரெஞ்சுச் சித்திரக்கவி' என்று எழுதினால் வாசகர் இல்லாத புதிரைத் தேடுவார்.

'மழை பெய்கிறது' கவிதையை எடுத்துக்கொள்ளுங்கள். 1916 டிசம்பரில் பியேர் அல்பேர்-பிரோ நடத்திய 'ஸிக்' இதழில் அச்சானது. எழுத்தெழுத்தாகச் சாய்ந்து இறங்கும் ஐந்து வரிகள். முதல் வரியில் பிரெஞ்சில் 65 எழுத்துகள். அந்த வாக்கியத்தைத் தமிழில் 'பெய்கின்றன பெண்குரல்கள் நினைவிலும்கூட இறந்துபோனவை போல' என்று வைத்தால் 29 எழுத்துகள்தான் வருகின்றன. பாதிக்கும் குறைவு. நீளத்தை ஈடுகட்டச் சொற்களைச் சேர்க்காதீர்கள். எழுத்துகளுக்கு இடையிலான வெளியைக் கூட்டுங்கள். வினை முதலில் வருவதும் வேண்டுமென்றே செய்தது. தமிழ் வாக்கிய ஒழுங்கின்படி 'பெய்கின்றன' என்பதைக் கடைசியில் வைத்தால் மழை பக்கத்தின் அடியிலிருந்து தொடங்கும்.

எழுத்துகளைப் பிரித்து அடுக்கும்போது கணினியை நம்பிவிடக் கூடாது. யூனிகோடில் 'பெ' என்பது ப, எகரக் குறி என்ற இரண்டு குறியீடுகளின் சேர்க்கை. மென்பொருள் குறியீடு குறியீடாக வெட்டினால் கொம்பு தனியே, புள்ளி வட்டத்தோடு நிற்கும். 'போ' போன்றவற்றில் கொம்பு ஒரு வரியிலும் கால் இன்னொரு வரியிலும் விழவும் கூடும். ஆகவே உயிர்மெய் முழுவதையும் ஓர் அலகாக வைத்து, ஒவ்வொன்றையும் தனி உரைப்பெட்டியில் கையால் இடுவதே பாதுகாப்பு. மெய்யெழுத்தும் தனி அலகுதான். பாமினி போன்ற பழைய எழுத்துருவில் தட்டச்சு செய்த கோப்பு என்றால் அங்கே கொம்பு தனி எழுத்தாகவே பதிவாகியிருக்கும். முதலில் யூனிகோடுக்கு மாற்றுங்கள், மாற்றியதை ஒருமுறை சரிபாருங்கள், பிறகு பிரியுங்கள். இன்டிசைனில் செய்பவர்கள் 'வேர்ல்ட் ரெடி கம்போஸர்' தேர்வாகியிருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இல்லையென்றால் கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும்.

அடுத்த சிக்கல் தமிழில் பெரிய எழுத்து (கேப்பிடல்) இல்லாதது. 'இதயம் கிரீடம் கண்ணாடி' பக்கத்தில் கண்ணாடியின் சட்டமே வாக்கியமாகச் சுற்றி வருகிறது, நடுவில் கவிஞரின் பெயர். பிரெஞ்சில் பெரிய எழுத்து எங்கே தொடங்க வேண்டும் என்று காட்டிவிடும். தமிழில் வட்டமாக அடுக்கினால் வாசகர் எங்கிருந்து படிப்பார்? முதல் எழுத்தை ஒன்றரை மடங்கு பெரிதாகவோ தடித்தோ போடுங்கள், அது போதும். அம்புக்குறி, எண் எதுவும் வேண்டாம்.

'கழுத்துப்பட்டியும் கைக்கடிகாரமும்' என்ற கவிதையில் கடிகாரத்தின் எண்களுக்குப் பதிலாகச் சொற்கள் நிற்கின்றன. ஒன்றுக்கு இதயம், இரண்டுக்குக் கண்கள், ஐந்துக்குக் கை, ஏழுக்கு வாரம். எட்டுக்கு ஒரு தத்துவவாதி நிமிர்த்தி வைத்த முடிவிலி. முடிவிலிக் குறியைச் செங்குத்தாக நிறுத்தினால் எட்டு. பதினொன்றுக்குத் தாந்தேயின் அடி, ஏனென்றால் இத்தாலிய அடிக்குப் பதினொரு அசை. ஒன்பதுக்கு 'உன் உடலின் வாசல்களில் கலைத்தேவியர்' என்று வருகிறது. கிரேக்கப் புராணத்தில் ஒன்பது தேவியர், உடலுக்கு ஒன்பது வாசல். 'ஒன்பது வாசல்' என்று கேட்டவுடன் உடம்பை நினைக்கும் மொழி நம்முடையது. பிரெஞ்சு வாசகருக்கே விளக்கம் தேவைப்படும் இடத்தில் தமிழ் வாசகருக்குத் தேவையில்லை. ஆனால் இந்தச் சொற்களை அவற்றின் எண் இருக்கும் இடத்திலேயே வைக்க வேண்டும். இடம் மாறினால் கடிகாரம் வெறும் வட்டம். கடிகாரம் பன்னிரண்டுக்கு ஐந்து நிமிடம் இருப்பதாகக் காட்டுகிறது என்பதையும் வடிவமைப்பாளரிடம் சொல்லிவிடுங்கள்.

'குத்துண்ட புறாவும் நீரூற்றும்' கவிதையில் நீரூற்று வெறும் அலங்காரம் அல்ல. கோடுகளை நேராக்கிப் பார்த்தால் எட்டு அசை கொண்ட, இயைபு அமைந்த அடிகள். போருக்குப் போன நண்பர்களைப் பெயர் சொல்லி அழைக்கும் புலம்பல். உருவத்தை மட்டும் காப்பாற்றி உரைநடையை ஊற்றினால் பாதிதான் வந்தது என்று பொருள்.

மின்நூலில் இந்தப் பக்கங்கள் நிச்சயம் உடையும். வாசகர் எழுத்தின் அளவை மாற்றியதும் வரிகள் மறுபடி ஓடும். கலிகிராம் பக்கங்களை மட்டும் படமாகவோ நிலைத்த பக்கமாகவோ வைத்து, மாற்று உரையில் கவிதை முழுவதையும் வாசிப்பு வரிசையில் எழுதுங்கள். திரைவாசிப்பான் வைத்துப் படிக்கும் பார்வையற்ற வாசகருக்கு அதுதான் கவிதை. அச்சில் எதிர்ப்பக்கத்தில் மூலப் பக்கத்தின் நகலைப் போட முடிந்தால் அதைவிட நல்லது எதுவும் இல்லை.

வாழ்க்கைக் குறிப்பு எழுதும்போது நழுவக்கூடிய சில இடங்கள். அவர் பிறப்பால் பிரெஞ்சுக்காரர் அல்ல. 1880 ஆகஸ்ட் 26 அன்று ரோமில், போலந்துக் குடும்பத்தைச் சேர்ந்த ஆஞ்ஜெலிகா கொஸ்த்ரோவிட்ஸ்காவின் மகனாகப் பிறந்தார். வளர்ந்தது மொனாக்கோவிலும் நீஸிலும். குடியுரிமை கிடைத்தது 1916 மார்ச் 9 அன்று. எட்டே நாளில், மார்ச் 17 அன்று, முன்னணிப் பதுங்குகுழியில் இதழ் படித்துக்கொண்டிருந்தபோது எறிகுண்டுச் சிதறல் தலைக்கவசத்தைத் துளைத்து வலது நெற்றிப்பொட்டில் பாய்ந்தது. மே 9 அன்று மண்டையோட்டில் துளையிட்டு அறுவை செய்தார்கள். இந்தத் தேதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். போர்க்கவிதைகளில் பீரங்கி வெளிச்சத்தை அவர் அழகு என்று எழுதியதைப் போர்வெறி என்று சுருக்கமாகத் தீர்த்துவிடும் முன், 1914 டிசம்பரில் தானாகப் படையில் சேர்ந்த அயல்நாட்டுக்காரர் அவர் என்பதும் வாசகருக்குத் தெரிய வேண்டும். 1915இல் போர்முனையிலேயே ஜெலட்டின் நகலெடுப்பு முறையில் 25 படி என்று திட்டமிட்டு 'காஸ் தார்மோன்' என்ற சிறு புத்தகம் போட்டார். சிற்றிதழ் நடத்துபவர்களுக்கு இதைவிட நெருக்கமான செய்தி வேண்டுமா?

மோனலிசா விவகாரத்தைத் தலைப்புச் செய்தி ஆக்காதீர்கள். ஓவியம் 1911 ஆகஸ்ட் 21 அன்று காணாமல் போனது. அப்பொலினேரைச் செப்டம்பர் 7 அன்று கைது செய்து சாந்தே சிறையில் வைத்து 12 அன்று விட்டார்கள். அவரிடம் முன்பு உதவியாளராக இருந்த ஜெரி பியெரே லூவ்ர் அருங்காட்சியகத்திலிருந்து சிறு ஐபீரியச் சிலைகளைத் திருடியிருந்ததே காரணம். ஓவியத்தைத் திருடிய வின்சென்சோ பெருஜ்ஜா 1913இல் பிளாரன்ஸில் பிடிபட்டார். அந்த ஐந்து நாளில் கவிதைக்கு வேண்டியது சாந்தே சிறையைப் பற்றிய ஆறு சிறு பகுதிகள்தான்.

'சர்ரியலிசக் கவிஞர்' என்ற அடைமொழியும் பொருந்தாது. சொல்லை 1917இல் உருவாக்கியவர் அவர். 'பராத்' பாலே நாடகத்தின் அறிமுகக் குறிப்பிலும் ஜூன் 24 அன்று அரங்கேறிய தன் நாடகத்தின் துணைத்தலைப்பிலும் அதைப் பயன்படுத்தினார். அவர் சொன்ன பொருள் வேறு. மனிதன் நடையைப் போலச் செய்ய நினைத்தபோது காலைப்போல் இல்லாத சக்கரத்தைக் கண்டுபிடித்தான் என்பதே அவர் தந்த எடுத்துக்காட்டு. கனவும் தானியங்கி எழுத்தும் சேர்ந்த இயக்கம் கவிஞர் ஆந்த்ரே பிரெதோனின் 1924 சர்ரியலிச அறிக்கையோடு வந்தது. அப்போது இவர் இறந்து ஆறு ஆண்டுகள் ஆகியிருந்தன.

1918 நவம்பர் 9 அன்று, போர் முடிய இரண்டு நாள் இருக்கும்போது, ஸ்பானியக் காய்ச்சலில் இறந்தார். வயது 38. தெருவில் கூட்டம் 'கியோம் ஒழிக' என்று கத்தியதாக ஒரு கதை உண்டு. அது ஜெர்மன் பேரரசர் வில்ஹெல்மைக் குறித்த முழக்கம். பிரெஞ்சில் அவர் பெயரும் கியோம்தான். அதைத் தன்னைக் குறித்ததென்று கவிஞர் கேட்டதாகச் சொல்வதை நண்பர்கள் வழி வந்த கதையாகவே எழுதுங்கள், நிகழ்ச்சியாக அல்ல. பெர் லாஷேஸ் கல்லறையில் அவர் மீது நிற்கும் கல்லில் இதய வடிவக் கலிகிராம் பொறிக்கப்பட்டிருக்கிறது: தலைகீழான சுடர்போன்ற என் இதயம். கல்லறையிலும் அவருடைய எழுத்து உருவத்தோடுதான் இருக்கிறது.

கடைசியாக உரிமை. 'நாட்டுக்காக மாண்டவர்' என்ற தகுதியாலும் போர்க்கால நீட்டிப்புகளாலும் பிரான்ஸில் அவருடைய படைப்புகள் 2013 செப்டம்பர் 29 அன்றுதான் பொதுவுடைமையாயின. அவர் காலத்தில் வெளிவந்தவற்றுக்கு இந்தியாவில் எப்போதோ உரிமைக்காலம் முடிந்துவிட்டது. இறந்த பிறகு முதன்முதல் அச்சேறிய கடிதங்களும் கவிதைகளும் வேறு கணக்கு. இந்தியச் சட்டப்படி வெளியான ஆண்டை அடுத்து 60 ஆண்டுகள் எண்ண வேண்டும், ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே பாருங்கள். பிற்காலப் பதிப்பாசிரியர்களின் குறிப்புகள் அவர்களுடையவை. ஆங்கில மொழிபெயர்ப்பிலிருந்து தமிழாக்கினால் அந்த ஆங்கில மொழிபெயர்ப்பாளரின் அனுமதி வேண்டும். அப்படிச் செய்யாமலிருக்கவும் காரணம் இருக்கிறது: 'நம் காதல்கள்' எந்தப் பக்கம் சேரும் என்பதை ஆங்கிலம் பெரும்பாலும் முன்கூட்டியே முடிவு செய்துவிடும். பிரெஞ்சிலிருந்து நேரடியாகக் கவிதை வரலாம் என்பதற்கு ழாக் ப்ரெவெரைத் தமிழாக்கிய வெ. ஸ்ரீராமின் உழைப்பு நம் முன்னால் இருக்கிறது. த்யுஃபி 1953இல் இறந்தவர், அவருடைய மரச்செதுக்குகளைச் சேர்க்கலாம். 'அல்கொல்' முகப்பில் பிக்காசோ வரைந்த உருவப்படத்தைச் சேர்க்க முடியாது. பிக்காசோ 1973 வரை வாழ்ந்தார், அனுமதி வாங்கித்தான் ஆக வேண்டும்.

வேலை நடக்கும் வரிசையையும் மாற்றச் சொல்கிறோம். இறுதி மெய்ப்பை மொழிபெயர்ப்பாளருக்கு அனுப்பும்போது வெறும் உரைக் கோப்பாக அனுப்பாமல், அச்சுக்குப் போகும் அதே அளவில் பக்கங்களாக அனுப்புங்கள். காகித அளவு மாறினால் மழையின் சாய்வும் மாறும். மெய்ப்புத் திருத்துபவரின் மேசையில் ஒரு துண்டுத்தாள் இருக்கட்டும்: இந்தப் புத்தகத்தில் குறி எதுவும் சேர்க்க வேண்டாம், பெஸ்தியேர் தவிர.

அன்புடன்,
பிரெஞ்சுக் கவிதையைத் தமிழில் வாசிக்கக் காத்திருக்கும் வாசகர்களும் மொழிபெயர்ப்பாளர்களும்